திரும்பி வரும் ரத்தம்

அந்த நாற்காலியில் உட்காராதே அம்மா, அதற்கு ஒரு கால் ஆடும். நேற்று ஒரு பெரியவர் தூங்கிப்போய் அப்படியே சரிந்துவிட்டார். இப்படி என் பக்கத்தில் வா. பையை அடியில் தள்ளிவிடு. தரை துடைக்கிற பெண் வரும்போது மட்டும் தூக்கி மடியில் வைத்துக்கொண்டால் போதும். உன்னை நீ என்று சொல்லலாம் இல்லையா? என் மாணவி வயதுதான் இருப்பாய். பெண்கள் கல்லூரியில் தாவரவியல் நடத்தினேன். ஓய்வு பெற்று எவ்வளவோ காலம் ஆகிவிட்டது, இன்னும் எதிரில் யார் உட்கார்ந்தாலும் முன்வரிசைப் பெண்ணாகத்தான் தெரிகிறார்கள்.

சற்று முன்னால் அந்த செக்யூரிட்டி 'வெள்ளைச்சாமி அட்டெண்டர், வெள்ளைச்சாமி அட்டெண்டர்' என்று கத்தினாரே, நீ திருதிருவென்று விழித்தாயே, அது உன்னைத்தான். அட்டெண்டர் என்றால் நோயாளியோடு கூட இருக்கிறவர். வெள்ளைச்சாமி உன் மாமனாரா? சரி, இனிமேல் உனக்கும் அதுதான் பெயர். இந்த ஐ.சி.யூ. வாசலில் யாருக்கும் சொந்தப் பெயர் கிடையாது. நான் குற்றாலிங்கம் அட்டெண்டர். வடிவாம்பிகை, எம்.எஸ்சி., எம்.ஃபில். என்று ஒருத்தி இருந்தாள். அவளைக் கீழே லிஃப்ட் வாசலிலேயே விட்டுவிட்டு வந்தேன்.

இந்தா, ஒன்று எடுத்துக்கொள். மைசூர்பாகு. காலையில்தான் வாங்கினேன், நல்ல கடைதான். எதற்கு என்று பிறகு சொல்கிறேன். எடுத்துக்கொள் என்றால் எடுத்துக்கொள்.

உள்ளே இருப்பது என் வீட்டுக்காரர். மாமனாருக்கு என்ன, மூச்சுத்திணறலா? இவருக்குக் காய்ச்சலில்தான் ஆரம்பித்தது. பங்குனி வெயில் மண்டையைப் பிளக்கிறது, இவர் போர்வையைக் கொண்டா, குளிருகிறது என்கிறார். திருநெல்வேலியில், பங்குனியில், குளிருகிறது என்று யாராவது சொல்லிக் கேட்டிருக்கிறாயா? பல் அடித்துக்கொள்கிறது. ஈரத் துணியைப் பிழிந்து பிழிந்து நெற்றியில் போடுகிறேன், கை கால் எல்லாம் துடைத்துவிடுகிறேன். அந்த நேரத்தில் அவர் கண்ணை மூடிக்கொண்டு யாரைக் கூப்பிட்டார் தெரியுமா? அக்கா என்றார். அக்கா, அக்கா என்று இரண்டு மூன்று தரம். துடைத்துவிடுவது நான். இருக்கட்டும். காய்ச்சலில் ஆயிரம் பிதற்றுவார்கள்.

இங்கே கொண்டுவந்தால், சிறுநீர்க் குழாயில் கல் அடைத்திருக்கிறது, அங்கே ஊறின கிருமி ரத்தத்தில் கலந்துவிட்டது, அதனால் பிரஷர் நிற்க மாட்டேன் என்கிறது என்றார்கள். செப்டிக் ஷாக் என்று பெயர். ஷாக் என்றதும் மின்சாரம் ஏதோ என்று நினைத்துக்கொள்ளாதே. ரத்தம் ஓடுகிற வேகம் செத்துப்போய், உறுப்புகளுக்குப் போய்ச் சேர வேண்டியது போய்ச் சேராமல் நிற்பது. குழாய் வைத்துக் கல்லுக்கு மேலே தேங்கியதை எல்லாம் வெளியே எடுத்துவிட்டார்கள். பாட்டில் பாட்டிலாக ஏற்றினார்கள், பிரஷருக்கு மருந்து, கிருமிக்கு மருந்து, ரத்தமும் ஏற்றினார்கள். வாயில் குழாய், மூக்கில் குழாய். மனிதர் கொடி படர்ந்த பந்தல் மாதிரி கிடக்கிறார்.

சரி, இப்போது சொல்லப்போவதைக் கவனமாகக் கேள், உனக்கும் இது தேவைப்படும். இங்கே இரண்டு எண்கள் உண்டு.

விரலில் ஒரு கிளிப் மாட்டியிருப்பார்கள். துணி உலர்த்துகிற கிளிப் மாதிரி, உள்ளே சிவப்பாக எரியும். உடம்புக்குள் போகிற ரத்தத்தில் எவ்வளவு ஆக்சிஜன் இருக்கிறது என்று அது காட்டும். தொண்ணூற்றெட்டு, தொண்ணூற்றேழு என்று அது பாட்டுக்குக் காட்டிக்கொண்டிருக்கும். அதைப் பார்த்து ஏமாந்துவிடாதே. அது இன்டர்னல் மார்க். மெஷின் மூச்சு விடும்போது அதை யாருக்கு வேண்டுமானாலும் போடலாம்.

நிஜமான பரீட்சை கழுத்தில் இருக்கிறது. கழுத்தில் பெரிய ரத்தக் குழாய்க்குள் ஒரு லைன் இறக்கியிருக்கிறார்கள். அதிலிருந்து கொஞ்சம் ரத்தம் இழுத்து, மெஷினில் வைத்துப் பார்ப்பார்கள். அது திரும்பி வருகிற ரத்தம். உடம்பெல்லாம் சுற்றி, எல்லாருக்கும் கொடுத்துவிட்டு, இதயத்துக்கு வருகிற ரத்தம். அதில் ஆக்சிஜன் எவ்வளவு மிச்சம் இருக்கிறது என்பதுதான் இரண்டாவது எண். எழுபதை ஒட்டி இருக்க வேண்டுமாம்.

இதை எனக்குச் சொன்னது டாக்டர் ரிஸ்வானா. சின்னப் பெண். கண்ணுக்குக் கீழே கருவளையம், கழுத்தில் ஸ்டெதாஸ்கோப், கையில் எப்போதும் பாதி குடித்த டீ. நன்றாகத்தான் விளக்கினாள், பொய் சொல்லக்கூடாது. முதல் தடவை பார்த்தபோது ஐம்பத்திரண்டு. 'போற ரத்தம் கொஞ்சமா போகுது மேடம். உறுப்புங்க பசியில இருக்கு. வந்ததை எல்லாம் வழிச்சு எடுத்துக்குது. அதான் மிச்சம் கம்மியா வருது' என்றாள். எனக்குப் புரிந்துவிட்டது. ஐம்பத்திரண்டு. பாஸ்தான், ஆனால் சொல்லிக்கொள்கிற மாதிரி இல்லை.

அதற்கப்புறம் எனக்கு வேறு வேலையே இல்லை. அந்த எண்ணுக்காகக் காத்திருப்பதுதான் வேலை. ஷீபா என்று ஒரு சிஸ்டர் இருக்கிறாள், மார்த்தாண்டம் பக்கத்துப் பெண், உள்ளேயிருந்து எதற்கு வெளியே வந்தாலும் பிடித்துக்கொள்வேன். 'இன்னைக்கு எவ்வளவு?'

'டாக்டர்தான் சொல்லணும் ஆன்ட்டி.'

'விளக்கம் வேண்டாம்மா, மார்க்கை மட்டும் சொல்லு.'

'ஆன்ட்டி, இது மார்க்கு இல்லை.'

'அதை நான் பார்த்துக்கிடுதேன். நீ சொல்லு.'

சொல்லுவாள். பாவம், சொல்லாமல் என்னைத் தாண்டிப் போக முடியாது. எத்தனை வருஷம் தேர்வு அறையில் நடந்திருக்கிறேன், ஒரு பெண் எந்தப் பக்கமாக நழுவுவாள் என்று எனக்குத் தெரியாதா? ஐம்பத்திரண்டு அறுபது ஆயிற்று. அறுபத்தைந்து. எழுபது. எழுபது வந்த அன்றைக்கு ரிஸ்வானா சிரித்தாள். 'குட் மேடம், இந்த இடத்துலதான் நிக்கணும்' என்றாள். முதல் வகுப்பு! நான் கீழே போய் வயிறாரத் தோசை சாப்பிட்டுவிட்டு வந்தேன். அதற்கு முன்னால் என்ன சாப்பிட்டேன் என்று எனக்கே நினைவில்லை.

இன்று காலையில் ஷீபா வந்தாள். வழக்கம்போல வழியை மறித்தேன். அவள் தரையைப் பார்த்துக்கொண்டு, 'எண்பத்தெட்டு ஆன்ட்டி' என்றாள்.

எண்பத்தெட்டு! டிஸ்டிங்ஷன்!

நீயே சொல், ஐம்பத்திரண்டிலிருந்து எண்பத்தெட்டு. என் வகுப்பில் ஒரு பெண் இப்படி ஏறியிருந்தால் பிரின்சிபால் அறைக்கே கூட்டிக்கொண்டு போயிருப்பேன். நேரே வெளியே போனேன், மைசூர்பாகு வாங்கினேன், வந்து இந்த வராந்தாவில் இருந்த எல்லாருக்கும் கொடுத்தேன். யாரோ எவரோ, ஒருத்தரையும் விடவில்லை. அந்த செக்யூரிட்டி இரண்டு எடுத்தார். ஷீபா மட்டும் கையில் வாங்கினாள், வாயில் போடவில்லை. டிஷ்யூ பேப்பரில் சுற்றிப் பாக்கெட்டில் வைத்துக்கொண்டாள். 'என்னம்மா, டயட்டா?' என்றேன். உள்ளே போய்விட்டாள். இந்தக் காலத்துப் பெண்களுக்கு இனிப்பு என்றாலே பயம்.

பிறகு மதினிக்குப் போன் செய்தேன். அவருடைய அக்கா, பிச்சம்மாள். அம்பாசமுத்திரத்தில் இருக்கிறார். இங்கேயிருந்து பஸ் ஏறினால் வளையல் மாட்டுவதற்குள் அம்பை வந்துவிடும் என்று இவர் சொல்வார், அவ்வளவு பக்கம் என்று காட்டுவதற்கு. அந்த அம்மா தினமும் போன். 'ஏளா வடிவு, தம்பிக்கு எப்படி இருக்கு? நான் வந்து ஒரு எட்டுப் பாத்துட்டு ஓடியாந்திருதேன்.' நான் நாளைக்கு வாங்க, நாளைக்கு வாங்க என்று சொல்லிக்கொண்டே இருந்தேன். இன்று காலையில் போன் செய்தால், கண்டக்டர் டிக்கெட் கேட்கிற சத்தம் கேட்கிறது. என்னிடம் சொல்லாமலே கிளம்பிப் பஸ்ஸில் ஏறி உட்கார்ந்துவிட்டார்!

'எங்க மதினி கிளம்பிட்டீங்க?'

'மனசு கேக்கலைளா. நேத்து ராத்திரி கண்ணை மூடினா அவன் சின்னப் பிள்ளையா நடந்து வாரான். வண்டி இன்னும் எடுக்கலை.'

'இறங்குங்க மதினி. நம்பர் எண்பத்தெட்டு ஆயிட்டு. அவாளுக்கு நல்லாயிட்டு. வீட்டுக்கு வந்த பொறவு வந்து சாவகாசமாப் பாருங்க. இந்த வெயில்ல எதுக்கு அலையுதீங்க?'

பையை இழுத்து எடுக்கிற சத்தம் கேட்டது. பிறகு, 'அப்ப இறங்கிருதேன்' என்றார். இறங்கிவிட்டார். எண்பதைத் தாண்டின அம்மா. படிக்கட்டில் பார்த்து இறங்குங்க என்று சொன்னேன். சொல்லாமல் இல்லை.

நீ என்ன அப்படிப் பார்க்கிறாய்? உனக்கு அந்த அம்மாவைத் தெரியாது. இவரைப் பெற்றவள் சின்ன வயதிலேயே போய்விட்டாள். இடுப்பில் தூக்கி வளர்த்தது அக்காதான். சரி, வளர்த்தார். அதற்காக? எங்கள் வீட்டுக்கு வந்தால் செருப்பைக் கழற்றியதும் நேரே இவரிடம் போவார். இரண்டு கையாலும் தலையைப் பிடித்து, குனியவைத்து, உச்சந்தலையை மோந்து பார்ப்பார். எழுபது வயது மனிதரின் தலையை! கூட்டுறவுப் பண்டகசாலையில் ஐம்பது பேரை மேய்த்தவர், பூனைக்குட்டி மாதிரி குனிந்து நிற்பார். 'எண்ணெய் வைக்கலையாலே?' என்பார் அந்த அம்மா. என்னைப் பார்த்துக்கொண்டு. நான் காபி போட உள்ளே போய்விடுவேன். எங்களுக்குப் பிள்ளை கிடையாது. அந்த வீட்டில் தலையை மோந்து பார்க்கிற வழக்கம் எனக்கு வரவில்லை.

அதுவுமில்லாமல் இங்கே ஒரு நோயாளிக்கு ஒரு பாஸ்தான். இதோ பார், இந்த மஞ்சள் அட்டை. உனக்கும் கொடுத்திருப்பார்கள், தொலைத்துவிடாதே. பார்வை நேரத்தில் ஒருத்தர்தான் உள்ளே போகலாம். அந்த அம்மா வந்துவிட்டால் இந்த அட்டை யார் கைக்குப் போகும்? அந்த வயதில் ஒருத்தர் வாசலில் நிற்கும்போது நான் உள்ளே போக முடியுமா? உள்ளே போனால் சும்மா இருப்பாரா? அங்கேயே ஐயா ராசா என்று ஆரம்பித்துவிடுவார். பக்கத்துக் கட்டில்காரர்கள் எல்லாம் என்ன நினைப்பார்கள்? நல்லதுக்குத்தான் வேண்டாம் என்றேன்.

எங்கே விட்டேன்? மைசூர்பாகு. கேள், இனிமேல்தான் எனக்கு வயிற்றெரிச்சல்.

பதினொரு மணிக்கு டாக்டர் ரிஸ்வானா அந்தச் சின்ன அறைக்குள் கூப்பிட்டாள். நான் டப்பாவோடு போகிறேன். அவள் டப்பாவைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள், 'உக்காருங்க மேடம்' என்றாள். இரண்டு தரம் சொன்னாள் உட்காருங்க என்று.

'எண்பத்தெட்டுன்னு சொன்னாங்களே டாக்டர்?' என்றேன்.

'ஆமா மேடம். அதைப் பத்தித்தான் பேசணும். இது இவ்வளவு ஏறினது நல்லதுன்னு சொல்ல முடியாது.'

எனக்கு எப்படி இருந்திருக்கும்? குறைந்தால் குறைந்துவிட்டது என்கிறார்கள், கூடினால் ஏன் கூடினது என்கிறார்கள். எந்த ஊர் வாத்தியார் இப்படி மார்க் போடுவார்? நான் கேட்டே விட்டேன். 'டாக்டர், நீங்க சொன்ன எழுபதுக்கு மேலதானே இருக்கு? கீழே போனாத்தானே பயம்?'

அவள் டீயைத் தள்ளி வைத்தாள். 'மேடம், ரத்தம் போகுது. பிரஷர் மருந்து அவ்வளவும் போட்டு அனுப்பிட்டுத்தான் இருக்கோம். ஆக்சிஜனும் அதுல இருக்கு. ஆனா உடம்பு அதை எடுத்துக்கலை. போனது போன மாதிரியே திரும்பி வருது. உறுப்புங்களுக்கு ஆக்சிஜன் சேரலைன்னா ரத்தத்துல ஏறுற லாக்டேட்னு ஒண்ணு பாக்குறோம், அது ஏறிக்கிட்டே இருக்கு. நேத்து ராத்திரியிலிருந்து யூரின் இல்லை.'

'எடுத்துக்கலைன்னா, வேணுங்கிற அளவு எடுத்தாச்சுன்னு அர்த்தமா இருக்கலாம்ல?' என்றேன். நியாயமான கேள்விதானே? பந்தியில் போதும் என்று கையைக் காட்டுகிறவர்கள் இல்லையா? வயிறு நிறைந்தவன் இலையில் மிச்சம் வைக்க மாட்டானா?

அந்தப் பெண் நாற்காலியை இழுத்துக்கொண்டு கிட்டே வந்தாள். என் கையைப் பிடித்துக்கொண்டாள். எனக்கு அது பிடிக்கவில்லை. டாக்டர் டாக்டராக இருக்க வேண்டும். பிறகு சொன்னாள்: 'மேடம், சொல்ல வேண்டியவங்களுக்குச் சொல்லிடுங்க.'

சொல்ல வேண்டியவர்களுக்குச் சொல்லிவிடுங்கள்! இந்த வாக்கியத்தை எந்தப் பாடத்தில் வைத்திருக்கிறார்கள் என்று தெரியவில்லை. எல்லா டாக்டரும் ஒரே மாதிரி சொல்கிறார்கள். இங்கே வந்த பிறகு எத்தனை பேருக்குச் சொல்லிக் கேட்டுவிட்டேன். அந்தத் தூண் பக்கம் உட்கார்ந்திருந்த குடும்பத்துக்குச் சொன்னார்கள். அரை நாளில் ஊரே வந்து இறங்கியது, வேன் வைத்துக்கொண்டு. மறுநாள் அந்த நாற்காலி காலி. ஆட்களை வரச் சொல்லிவிட்டாலே முடிந்தது என்று ஆகிவிடுகிறது. வந்தவர்கள் சும்மா போக மாட்டார்கள். நான் யாருக்கும் சொல்லப்போவதில்லை. யாருக்குச் சொல்ல வேண்டும்? எண்பத்தெட்டு வாங்கினவருக்கு எதற்கு ஆள் கூட வேண்டும்?

பெரிய டாக்டர் ஒருத்தர் இருக்கிறாராம், சாயங்காலம் வருவாராம். அவரிடம் கேட்கப்போகிறேன். இந்தப் பெண்ணுக்கு அனுபவம் போதாது. தூக்கம் இல்லாத பிள்ளைகளை வைத்து வேலை வாங்கினால் இப்படித்தான், நல்ல எண்ணைக்கூடக் கெட்டதாகப் படிக்கிறார்கள். சாயங்காலம் பார்வை நேரத்தில் இவரிடமே சொல்லிவிட்டு வருகிறேன், எண்பத்தெட்டு என்று. காதில் விழும் என்கிறார்கள். கால் மட்டும்தான் ரொம்பச் சில்லிட்டிருக்கிறது. ஏ.சி. அப்படி. கட்டிலுக்கு நேர் மேலே வைத்திருக்கிறார்கள், ஷீபாவிடம் சொன்னேன், அவள் இன்னொரு போர்வை போட்டாள்.

இரு, போன் அடிக்கிறது. மதினியாகத்தான் இருக்கும். அடித்துவிட்டுப் போகட்டும். இல்லை, இது எதிர்வீட்டு முப்பிடாதி. மாடியில் தொட்டிச் செடிகளுக்குத் தண்ணீர் ஊற்றச் சொல்லிச் சாவி கொடுத்துவிட்டு வந்திருக்கிறேன். ஒரு நிமிஷம்.

சொல்லு முப்பிடாதி. இருக்காங்க, இருக்காங்க, பரவாயில்லை. நம்பர் எண்பத்தெட்டு. ஆமா. நீ சொல்லு. எது, எலுமிச்சையா? சிமென்ட் தொட்டியில இருக்கே அதா? இலை எல்லாம் தொங்கிட்டா? தண்ணி ஊத்தினியா இல்லையா? என்னது? சரியாப் பேசு, இங்க ஒரே சத்தம். நீ ஊத்தினதே இன்னும் காயலையா? முந்தாநாள் ஊத்தினதா? மண்ணு சொதசொதன்னு ஈரமா இருக்கா? அப்படியும் வாடுதா? அய்யய்யோ, இன்னும் ஊத்தாதே! ஊத்தவே ஊத்தாதே. தண்ணி இருந்தும் வாடுதுன்னா வேர் குடிக்கலைன்னு அர்த்தம். ஈரம் அப்படியே நிக்கிறதைப் பார்த்துச் செடிக்கு வயிறு நிறைஞ்சிட்டுன்னா நினைக்கிறது? வேர் போயிட்டு. வேர் போன பிறகு நீ எவ்வளவு ஊத்தினாலும் ஊத்தினது ஊத்தின மாதிரியேதான் அடியில... அடியில வரும்...

இல்லை, இருக்கேன். லைன்லதான் இருக்கேன். நீ ஒண்ணும் செய்யலை முப்பிடாதி, உன் மேல தப்பு இல்லை. நான் வைக்கிறேன்.

இவர் வைத்த எலுமிச்சை அது. விதை போட்டு முளைக்க வைத்தார். காய்க்கிற காலம் வரைக்கும் இருப்பேனா பார்ப்போம் என்று சிரித்துக்கொண்டே வைத்தார். தண்ணீர் ஊற்றினால் ஊற்றிக்கொண்டே இருப்பார். போதும், வேர் அழுகிவிடும், மூச்சு விடட்டும் என்று நான் கத்துவேன். 'குடுத்தா வேண்டாம்னு எந்தச் செடி சொல்லும் வடிவு?' என்பார். நான் பாடம் எடுப்பேன். முதல் வருஷப் பாடம் இது. முதல் பருவத்திலேயே வரும். வேர்த்தூவி, அது உறிஞ்சுவது, அது செத்துப்போனால் ஈரத்துக்கு நடுவிலேயே செடி தாகத்தில் வாடுவது. எத்தனை வருஷம் கரும்பலகையில் படம் போட்டிருக்கிறேன். பரீட்சையில் கேட்டால் எல்லாப் பெண்களும் சரியாக எழுதிவிடுவார்கள். கடைசி பெஞ்சுப் பெண்கூட எழுதிவிடுவாள்.

போனது போன மாதிரியே திரும்பி வருகிறது என்றாள் அந்தப் பெண்.

நீயும் அதைச் சாப்பிடவில்லை. கையிலேயே வைத்துக்கொண்டிருக்கிறாய். வேண்டாம், கட்டாயம் இல்லை. இப்படிக் கொடு, டப்பாவிலேயே வைத்துவிடுகிறேன்.

எனக்கு ஒரு காரியம் செய்வாயா? என் கண்ணாடி பையில் எங்கேயோ கிடக்கிறது, தேடப் பொறுமை இல்லை. இந்தப் போனில் மதினி என்று இருக்கும். மேலேயே இருக்கும், பாதி அழைப்பு அவருடையதுதான், எல்லாம் இன்று நான் எடுக்காதது. அதை அழுத்தி என்னிடம் கொடு.

மணி போகிறது.

மதினி? நான் வடிவுதான். இல்லை, இல்லை, பதறாதீங்க. ஒண்ணும் ஆகலை. இருக்காங்க. என்ன மதினி இரைச்சலா இருக்கு, எங்க இருக்கீங்க? பஸ் ஸ்டாண்டுலயா? வீட்டுக்குப் போகலியா? காலையில இறங்கினதுல இருந்து அங்கயா உக்காந்திருக்கீங்க? இந்த வெயில்லயா? ஏன் மதினி? ... சரி. ... சரி, அழாதீங்க. எனக்குக் கோவம் ஒண்ணும் இல்லை. நான் ஏன் கோவப்படுதேன்?

சாப்பிட்டீங்களா? ஒரு டீயாவது குடிங்க. குடிச்சிட்டு அடுத்த வண்டியில ஏறுங்க. ஆமா, இங்கதான். இன்னைக்கேதான். பாபநாசத்துல இருந்து வாற வண்டியில கூட்டம் இருக்கும், அம்பையில இருந்தே எடுக்கிற வண்டியில ஏறி ஜன்னல் பக்கமா உக்காருங்க. நான் கீழ வாசல்லயே வந்து நிக்கேன். அட்டை என்கிட்ட இருக்கு, அதை நீங்க வச்சுக்கிடுங்க. சாயங்காலம் நீங்கதான் உள்ள போகணும். நான் காலையில பாத்தாச்சு. ... தலையை மோந்து பாத்துக்கிடுங்க, யாரும் ஒண்ணும் சொல்ல மாட்டாங்க. நான் அந்த சிஸ்டர்கிட்ட சொல்லி வைக்கேன். எண்ணெய் வைக்கலைன்னு மட்டும் கேக்காதீங்க மதினி. இங்க வைக்க விடலை.

நம்பரா? எண்பத்தெட்டுதான். காலையில சொன்ன அதே எண்பத்தெட்டுதான் மதினி.

அதான். அதான் வாங்கன்னு சொல்லுதேன்.